தாத்தா கட்டிடத்து வாடகை உங்க வருமானம் இல்ல: கோர்ட் ரிசீவர் கையில் இருக்கிற கடைகளும் நம்ம பட்ஜெட்டும்

இந்த வாரம் மியூச்சுவல் ஃபண்ட் இல்ல, டேக்ஸ் ரெஜிம் இல்ல. கொஞ்சம் வேற மாதிரி ஒரு விஷயம். வீடியோவில் பத்து நிமிஷத்தில் சொல்ல முடியாததால் இங்கே எழுதறேன்.

அம்பத்தூர் எஸ்டேட்டில் ஒரு ஐ.டி. கம்பெனியில் வேலை பார்க்கிற பையன், வயசு 29. நாலு வருஷமா அவருக்கு ரிட்டர்ன் நான்தான் ஃபைல் பண்றேன். போன மாசம் ஆஃபீஸுக்கு வந்தார். ஆவடி பக்கம் ஃபிளாட் வாங்கியிருக்கார், ஈ.எம்.ஐ. 41,000 ரூபாய். கையில் வர்ற சம்பளத்தில் பாதிக்கு மேல அதுக்கே போயிடுது. "எந்த தைரியத்தில் இவ்வளவு பெரிய லோன் எடுத்தீங்க?"னு கேட்டேன்.

"சார், எம்.டி.எச். ரோட்டில் தாத்தா கட்டின கட்டிடம் இருக்கு. ஆறு கடை. மாசம் 54,000 வாடகை வருது. எங்க அப்பா பங்கு மட்டும் 13,500. கேஸ் முடிஞ்சதும் வந்துடும்னு நெனச்சேன்."

கேஸ் எப்போ போட்டாங்க? 2015-ல். ரிசீவர் எப்போ வந்தார்? 2017-ல். இதுவரைக்கும் அப்பா கைக்கு எவ்வளவு வந்திருக்கு? ஒரு ரூபாய்கூட இல்ல.

இது அவர் ஒருத்தரோட கதை இல்ல. அம்பத்தூர் ஓ.டி., திருமுல்லைவாயல், ஆவடி, பூந்தமல்லி டிரங்க் ரோடு பக்கமெல்லாம் இந்த மாதிரி கட்டிடங்கள் நிறைய. அறுபதுகளில் எஸ்டேட் வந்தப்போ, ஃபேக்டரி வேலைக்கு வந்தவங்களும் சின்னதா தொழில் பண்ணவங்களும் ரோட்டோரமா கிரவுண்டு வாங்கிப் போட்டாங்க. அப்புறம் கீழே கடை, மேலே வீடுன்னு கட்டினாங்க. உயில் எழுதாமல் போயிட்டாங்க. இப்போ பேரன் பேத்திங்க சம்பளக்காரங்க. அவங்க கையில் ஒரு கேஸ் நம்பர் மட்டும் இருக்கு.

என் கருத்தை முதலிலேயே சொல்லிடறேன். ரிசீவர் கையில் இருக்கிற வாடகை உங்க வருமானம் இல்ல. அதை பட்ஜெட்டில் பூஜ்யம்னு போடுங்க. ஆனா அதுக்காக சும்மா உட்கார்ந்து வேடிக்கையும் பார்க்காதீங்க. நம்ம குடும்பங்கள் செய்ற பெரிய தப்பு ரிசீவரைக் கொண்டு வந்தது இல்ல. ரிசீவர் வந்ததும் அந்தக் கட்டிடத்தை மறந்துடறதுதான்.

ரிசீவர்னா யாரு?

சிவில் நடைமுறைச் சட்டம் 1908, ஆர்டர் 40. வழக்கு நடக்கிறப்போ சொத்தை ஒரு தரப்பே அனுபவிச்சுட்டு இருந்தாலோ, பாழாகும்னு பயம் இருந்தாலோ, அதைப் பாதுகாத்து நிர்வாகம் பண்ண கோர்ட் ஒருத்தரை நியமிக்கலாம். நம்ம ஊர்ல பெரும்பாலும் ஒரு வக்கீலைப் போடுவாங்க, அதனால அட்வகேட் ரிசீவர்னு சொல்றோம். வாடகை வசூல் பண்றது, வரி கட்டறது, ரிப்பேர் பார்க்கிறது, கோர்ட்டுக்குக் கணக்கு கொடுக்கிறது எல்லாம் அவர் வேலை.

அவர் ஓனர் இல்ல. வாரிசுகள்ல யாரோட ஏஜென்ட்டும் இல்ல. சொத்து கோர்ட் கையில் இருக்கு, அந்தக் கைதான் ரிசீவர். இதைப் புரிஞ்சுக்காததுதான் முக்கால்வாசி வாடகைச் சண்டைக்குக் காரணம். வாடகைக்காரர் அவரை ஓனர்னு நினைச்சு "நீங்களே பார்த்து குறைச்சுக்கோங்க"ன்னு பேரம் பேசறார். பெரியப்பா அவரை வாட்ச்மேன்னு நினைச்சு விரட்டறார்.

ரிசீவர் நியமனம் சாதாரண விஷயமும் இல்ல. இதில் இந்தியா முழுக்க இன்னைக்கும் எடுத்துக்காட்டற தீர்ப்பு நம்ம மெட்ராஸ் ஹைகோர்ட்டோடது. கிருஷ்ணசாமி செட்டி எதிர் தங்கவேலு செட்டி, 1955 ஏ.ஐ.ஆர். தொகுப்பில் வந்தது. அதில் அஞ்சு விதி சொன்னாங்க. ஒண்ணு, இது கோர்ட்டோட விருப்புரிமை, யாரும் உரிமையா கேட்க முடியாது. ரெண்டு, கேட்கிறவருக்கு வழக்கில் ஜெயிக்க நல்ல வாய்ப்பு இருக்கிறது மேலோட்டமாவே தெரியணும். மூணு, உடனே தலையிடலைன்னா நஷ்டம் வரும்ங்கிற ஆபத்து இருக்கணும். நாலு, அனுபவத்தில் இருக்கிறவரைச் சட்டுனு வெளியேத்தற மாதிரி சாதாரணமா போடக்கூடாது, இது ரொம்பக் கடுமையான வழி. அஞ்சு, கேட்கிறவர் சுத்தமான கையோட வரணும், தாமதமும் பண்ணியிருக்கக் கூடாது.

இதைப் படிச்சுட்டு அந்தப் பையன் சொன்னது, "அப்போ எங்க அத்தைதான் சார் எல்லாத்துக்கும் காரணம். அவங்கதான் ரிசீவர் கேட்டாங்க."

அத்தை மேல தப்பு இருக்கா?

கேஸ் கட்டைக் கொண்டுவரச் சொல்லிப் பார்த்தேன். தாத்தா 2008-ல் இறந்தார், பாட்டி அதுக்கு முன்னாடியே. வாரிசு நாலு பேர்: பெரியப்பா, அப்பா, அத்தை, சித்தப்பா. கட்டிடம் தாத்தா சொந்தமா சம்பாதிச்சது, உயில் இல்ல. 1956 இந்து வாரிசுரிமைச் சட்டப்படி மகனுக்கும் மகளுக்கும் சம பங்கு. நாலில் ஒண்ணு அத்தைக்கு. 2008-லிருந்து ஏழு வருஷம் பெரியப்பாதான் வாடகை வசூல் பண்ணார். அப்பாவுக்கும் சித்தப்பாவுக்கும் தீபாவளிக்கு ஏதோ கொடுத்தார். "சீர் செஞ்சாச்சு"ன்னு சொல்லி அத்தைக்கு ஒண்ணும் இல்ல. கணக்கு கேட்டதுக்கு, "அண்ணன்கிட்டயே கணக்கு கேட்கிறியா?"

அந்த ஒரு வாக்கியத்துக்கு அப்புறம்தான் பூந்தமல்லி கோர்ட்டுக்குப் போயிருக்காங்க. அந்த இடத்தில் நான் இருந்தாலும் அதைத்தான் செஞ்சிருப்பேன். கூடப் பிறந்த ஒருத்தர் மொத்த வாடகையையும் எடுத்துக்கிட்டு கணக்கே காட்டலைன்னா, மத்தவங்களுக்குச் சட்டம் கொடுத்திருக்கிற சில ஆயுதங்களில் ரிசீவர் ஒண்ணு. குறிப்பா பெண்களுக்கு. அதனால "ரிசீவர் முறையே கெட்டது"ன்னு நான் சொல்ல மாட்டேன். ஒரு சி.ஏ.வா எனக்குத் தோணுறது ஒண்ணுதான். மாசாமாசம் ஒரு எக்ஸெல் ஷீட் நாலு பேருக்கும் வாட்ஸ்அப்பில் போயிருந்தா இந்தக் கேஸே வந்திருக்காது.

வாடகை ஏன் உறைஞ்சு போகுது?

இப்போ கணக்குக்கு வருவோம். அந்தக் கட்டிடத்தில் ஒரு கடைக்கு வாடகை 9,000. இது 2014-ல் பெரியப்பா பேசினது. ரிசீவர் வந்தப்போ அதே 9,000. இன்னைக்கும் அதே 9,000. பக்கத்துக் கட்டிடத்தில் அதே அளவு கடை 22,000-க்குப் போகுதுன்னு விசாரிச்சதில் தெரிஞ்சது.

ஆறு கடைக்கு இப்போ மாசம் 54,000, வருஷம் 6.48 லட்சம். வர வேண்டியது மாசம் 1,32,000, வருஷம் 15.84 லட்சம். வித்தியாசம் வருஷத்துக்கு 9.36 லட்சம். நாலா பிரிச்சா ஒரு பங்குக்கு 2.34 லட்சம். "கேஸ் முடிஞ்சா வரும்"னு அவர் நினைச்சுட்டு இருந்த பணத்தைவிட, வராமலே போன பணம் அதிகம்.

ரிசீவர் ஏன் ஏத்தலை? அவரைக் கேட்டா அவர் பக்கமும் நியாயம் இருக்கு. வாடகையைத் தன்னிஷ்டத்துக்கு ஏத்தவோ குறைக்கவோ, புது ஆள் வைக்கவோ அவருக்கு கோர்ட் அனுமதி வேணும். அவர் மனு போட்டா, வாடகைக்காரரும் எதிர்ப்பார், வாரிசுகளில் ஒருத்தரும் எதிர்ப்பார். அவருக்குக் கிடைக்கிற ஊதியமோ கோர்ட் நிர்ணயிக்கிற ஒரு தொகை. அதுக்கு மேல மெனக்கெட அவருக்கு என்ன தூண்டுதல்? உங்க பணத்தைப் பத்தி உங்களுக்கே அக்கறை இல்லாதப்போ, வேற நாற்பது கேஸ் பார்க்கிற வக்கீலுக்கு எங்கிருந்து வரும்?

அடுத்து, ஒரு கடைக்காரர் வாடகை கட்டறதையே நிறுத்திட்டார். "யார் ஓனர்னு தெரியலை, கேஸ் முடியட்டும், மொத்தமா தர்றேன்"னு சொல்றார். 31 மாச பாக்கி, 2.79 லட்சம். இங்கேதான் பலருக்குத் தெரியாத ஒரு குண்டு இருக்கு. காலவரையறைச் சட்டப்படி வாடகை பாக்கிக்கு வழக்குப் போட மூணு வருஷம்தான் டைம். 36 மாசத்தில் 31 போயிடுச்சு. இன்னும் அஞ்சு மாசம் எதுவும் செய்யலைன்னா, அதுக்கப்புறம் மாசாமாசம் ஒரு மாச வாடகை கைவிட்டுப் போக ஆரம்பிக்கும். கேஸ் கட்டில் இதைப் பத்தி ஒரு மனுகூட இல்ல.

மூணாவது, வசூலான பணம். செலவு போக சுமார் 38 லட்சம் பேங்க்கில் இருக்கு. எதில்? சேவிங்ஸ் அக்கவுண்ட்டில்! 3 சதவீதம்னு வெச்சா வருஷம் 1.14 லட்சம் வட்டி. சாதாரண எஃப்.டி.யில் 6.5 சதவீதம்னு வெச்சாலே 2.47 லட்சம். வருஷத்துக்கு 1.33 லட்சம் சும்மா போகுது. இதுக்கு ஒரு சின்ன மனு போதும். எட்டு வருஷமா நாலு தரப்பு வக்கீலும் போடலை, நாலு குடும்பமும் கேட்கலை.

கடை எடுக்கிறவங்க கவனிங்க

நீங்க வாரிசா இல்லாமல் இருக்கலாம். ஆனா வேலையோட சேர்த்து ஒரு கிளவுட் கிச்சன், ஒரு டியூஷன் சென்டர், மனைவி பேர்ல ஒரு பொட்டிக்னு யோசிச்சுட்டு இருக்கீங்களா? "மெயின் ரோட்டில் 10,000 ரூபாய்க்குக் கடை"ன்னு யாராவது சொன்னா முதல்ல சந்தேகப்படுங்க. மெட்ரோ வேலை நடக்கிற பூந்தமல்லி பக்கத்தில் ஓனருங்க வாடகையை எங்கே கொண்டு போறாங்கன்னு உங்களுக்கே தெரியும். அங்கே பாதி விலைக்கு ஒரு கடை கிடைச்சா அதுக்குக் காரணம் இருக்கும்.

எனக்குத் தெரிஞ்ச இன்னொருத்தர், வேலையை விட்டுட்டு ஃபுட் பிசினஸ் ஆரம்பிச்சார். ரிசீவர் கையில் இருந்த ஒரு கட்டிடத்தில், வாரிசுகளில் ஒருத்தரோட மகன்கிட்ட 3 லட்சம் அட்வான்ஸ் கொடுத்து கடை எடுத்தார். ரசீது இல்ல. வெள்ளைப் பேப்பரில் கையெழுத்து. உள்ளே 5 லட்சத்துக்கு வேலை செஞ்சார். நாலு மாசத்தில் மத்த வாரிசுகள் மனு போட்டாங்க. கோர்ட் அனுமதி இல்லாமல் உள்ளே வந்தவர்னு வெளியே போகச் சொல்லிட்டாங்க. அட்வான்ஸ் வாங்கினவர் இப்போ போனே எடுக்கிறதில்ல. 8 லட்சம். அவரோட பி.எஃப். பணம்.

சட்டம் இதில் தெளிவா இருக்கு. கிருஷ்ணகுமார் கேம்கா எதிர் கிரிண்ட்லேஸ் வங்கி, 1990-ல் சுப்ரீம் கோர்ட் சொன்ன தீர்ப்பு. கல்கத்தாவில் ஒரு பாகப்பிரிவினை வழக்கு, சொத்து ரிசீவர் கையில். கோர்ட் அனுமதி இல்லாமல் புதுசா யாருக்கும் வாடகைக்கு விடக்கூடாதுன்னு உத்தரவு. பழைய வாடகைதாரர் சில ஃபிளாட்டை விட்டுக்கொடுக்க, ரிசீவர் அதை அனுமதி வாங்காமலே வேற கம்பெனிக்குக் கொடுத்தார். அது புது வாடகை ஒப்பந்தம்தான், கோர்ட் உத்தரவை மீறினது, நிக்காதுன்னு சுப்ரீம் கோர்ட் சொல்லிடுச்சு. யோசிச்சுப் பாருங்க. ரிசீவரே கொடுத்தும் அந்தக் கதி. பெரியப்பா மகன் கொடுத்தா?

இன்னொரு விஷயம். ரிசீவர் மேல வழக்குப் போடணும்னாலும் அவரை நியமிச்ச கோர்ட்டில் அனுமதி வாங்கணும். எவரெஸ்ட் கோல் கம்பெனி வழக்கில் 1977-லேயே சுப்ரீம் கோர்ட் இதை விளக்கியிருக்கு. அனுமதி முன்னாடியே வாங்கலைன்னா, வழக்கு முடியறதுக்குள்ள வாங்கிச் சரிபண்ணிக்கலாம். ஆனா வாங்காமலே இருக்க முடியாது.

ஏற்கெனவே அப்படி ஒரு கட்டிடத்தில் கடை நடத்தறீங்கன்னா, நான் சொல்ற ஒரே ஒரு அட்வைஸ்: வாடகையை நிறுத்தாதீங்க. "யாருக்குக் கொடுக்கிறதுன்னு தெரியலை"ங்கிறது காரணமே இல்ல. ரிசீவர் இருந்தா அவர்கிட்ட, ரசீதோட. ரிசீவர் இல்லாமல் வாரிசுகளுக்குள்ள தகராறு மட்டும் இருந்தா, அதிகாரிகிட்ட டெபாசிட் பண்ண வழி இருக்கு. 2019 பிப்ரவரி 22 முதல் நடைமுறையில் இருக்கிற புது வாடகைச் சட்டத்தில் வாடகை அதிகாரின்னு ஒருத்தர் இருக்கார். எழுத்து ஒப்பந்தமும், அதை அவர்கிட்ட பதிவு பண்றதும் இப்போ கட்டாயம். பாக்கி வெச்சா அதுவே உங்களை வெளியேத்தக் காரணமாயிடும்.

"பழைய வாடகையே கட்டிட்டு, கேஸை இழுத்துட்டே இருக்கலாம்"னு நினைக்கிறவங்களுக்கு ஒரு உதாரணம். டெல்லி கன்னாட் சர்க்கஸில் 1944-லிருந்து ஒரு கடை, மாச வாடகை 371 ரூபாய் 90 காசு. காலி பண்ணச் சொல்லி உத்தரவு வந்தப்புறம் அப்பீல் போட்டு அதே வாடகையில் இருக்கலாம்னு பார்த்தாங்க. அப்பீல் நடக்கிற வரைக்கும் மாசம் 15,000 கட்டணும்னு தீர்ப்பாயம் சொன்னதை 2004-ல் ஆத்மாராம் பிராப்பர்ட்டீஸ் வழக்கில் சுப்ரீம் கோர்ட் உறுதி பண்ணிச்சு. வெளியேற்ற உத்தரவு வந்த நாள்லேர்ந்து பழைய வாடகைங்கிற பாதுகாப்பு கிடையாது.

டேக்ஸ்: கைக்கு வராத பணத்துக்கும் வரியா?

இதுதான் என் ஏரியா, அதனால கொஞ்சம் கவனமா படிங்க.

வாடகை வருமானத்துக்கு வரி, பணம் கைக்கு வந்தாதான்னு இல்ல. வர வேண்டியதுன்னாலே கணக்கில் வரும். பல பேர் சேர்ந்து ஓனரா இருந்து, ஒவ்வொருத்தர் பங்கும் நிச்சயமா தெரிஞ்சா, அவங்கவங்க பங்கு அவங்கவங்க ரிட்டர்னில் வரணும். அந்தப் பையனோட அப்பா பங்கு வருஷம் 1.62 லட்சம். சொத்து வரி போக 30 சதவீதம் கழிவு. மீதிக்கு அவர் வரி வரம்பைப் பொறுத்து வரி. பணம் ரிசீவர் அக்கவுண்ட்டில், நோட்டீஸ் அப்பா வீட்டுக்கு! பங்கே தகராறில் இருந்தா, கோர்ட் நியமிச்ச ரிசீவரைப் பிரதிநிதியா வெச்சு வரி போட வருமான வரிச் சட்டத்தில் இடம் இருக்கு. உங்க கேஸில் எது பொருந்தும்னு ரிசீவரோட ஆடிட்டரும் நீங்களும் ஒரே நிலைப்பாடு எடுக்கணும். ரெண்டு பேரும் காட்டாமல் விட்டாலும் பிரச்சினை, ரெண்டு பேரும் காட்டினாலும் நஷ்டம்.

பழைய பாக்கி ஒரே வருஷத்தில் மொத்தமா வந்தா, ஏற்கெனவே வரி கட்டாத தொகைக்கு வந்த வருஷத்தில் வரி. அதிலும் 30 சதவீதம் கழிவு உண்டு. எட்டு வருஷப் பணம் ஒரே வருஷத்தில் வந்து மேல் ஸ்லாபுக்குத் தள்ளாமல் இருக்க, எந்த வருஷத்து வாடகை எவ்வளவுன்னு ரிசீவர் கணக்கு நகல் உங்ககிட்ட இருக்கணும்.

ஜி.எஸ்.டி.யும் உண்டு. ரிசீவர் நிர்வகிக்கிற சொத்துன்னா வரியை அவர்கிட்டயே வசூலிக்கலாம்னு சட்டத்திலேயே இருக்கு. ஓனர் தரப்பில் பதிவு இல்லாமல், கடைக்காரர் பதிவு பண்ணவரா இருந்தா, 2024 அக்டோபர் 10 முதல் வணிக வாடகைக்கு 18 சதவீதத்தைக் கடைக்காரரே ரிவர்ஸ் சார்ஜில் கட்டணும். காம்போசிஷனில் இருக்கிறவங்களுக்கு இது இல்ல. மாச வாடகை 50,000-க்கு மேல போகிற பெரிய கடைன்னா டி.டி.எஸ். பிடிக்கணும். எந்த பான் நம்பரில் பிடிக்கிறதுன்னு ரிசீவர்கிட்ட எழுத்தில் கேளுங்க. இல்லாட்டி அந்த டி.டி.எஸ். யாருக்கும் போய்ச் சேராத பணமா கிடக்கும்.

இப்போ என்ன பண்ணலாம்?

அந்தப் பையன்கிட்ட சொன்னதையே உங்களுக்கும் சொல்றேன்.

முதல்ல பட்ஜெட். ரிசீவர் பணத்துக்குப் பூஜ்யம். அதை நம்பி லோன் இல்ல, கார் இல்ல, கல்யாணச் செலவும் இல்ல. என்னைக்காவது வந்தா போனஸ் மாதிரி, நேரா லோன் பிரின்சிபலுக்குப் போகட்டும்.

ரெண்டாவது, அப்பாவை ஓட்டிக்கிட்டுப் போய் வக்கீலைப் பாருங்க. கேட்க வேண்டியது அஞ்சு:

1. ரிசீவர் இதுவரை தாக்கல் பண்ண கணக்கு நகல். கணக்கு கொடுக்கிறது அவர் கடமை. வேணும்னே செஞ்ச தவறாலயோ பெரிய கவனக்குறைவாலயோ நஷ்டம் வந்தா அவரே பொறுப்புன்னு ஆர்டர் 40 சொல்லுது. சண்டை போடறதுக்காக இல்ல, கணக்கு எல்லார் கையிலும் இருக்கணும்ங்கிறதுக்காக.

2. வாடகையை மறுநிர்ணயம் பண்ண மனு. இன்ஜினியரோட மதிப்பீடு, பக்கத்துக் கடைகளோட ஒப்பந்தம், இதெல்லாம் சேர்த்து. இனிமேல் வருஷாவருஷம் இத்தனை சதவீதம் ஏறும்னு உத்தரவிலேயே வரணும்.

3. பாக்கிக்கு, மூணு வருஷம் முடியறதுக்குள்ள நடவடிக்கை.

4. சேவிங்ஸில் கிடக்கிறதை எஃப்.டி.யில் போட உத்தரவு.

5. பங்கில் தகராறு இல்லாத அளவுக்காவது, இடைக்காலமா பிரிச்சுக் கொடுக்க மனு. கோர்ட் கொடுக்கும்னு உத்தரவாதம் இல்ல. ஆனா கேட்காமல் யாரும் கொடுக்கப் போறதில்ல.

கடை எடுக்கப் போறவங்களுக்கு: வில்லங்கச் சான்றிதழில் வழக்கு எப்பவும் தெரியாது. இ-கோர்ட்ஸ் தளத்தில் ஓனர் பேர், அவரோட அண்ணன் தம்பி பேர் போட்டுத் தேடுங்க. ரிசீவர் இருந்தா, அவரோட நியமன உத்தரவும், உங்களுக்கு வாடகைக்கு விட கோர்ட் கொடுத்த அனுமதி உத்தரவும் நகல் வாங்காமல் ஒரு ரூபாய் அட்வான்ஸ் கொடுக்காதீங்க. கொடுக்கிறதும் ரிசீவர் அக்கவுண்ட்டுக்கு, செக்கிலோ பேங்க் டிரான்ஸ்ஃபரிலோ மட்டும்.

மூணாவது, என்னைப் பொறுத்தவரைக்கும் இதுதான் முக்கியம். உட்கார்ந்து பேசுங்க. மெட்ராஸ் ஹைகோர்ட்டில் 2005-லேயே சமரச மையம் வந்தாச்சு. லோக் அதாலத்தில் முடிஞ்சா அது கோர்ட் தீர்ப்புக்குச் சமம், அப்பீல் கிடையாது, கட்டின கோர்ட் ஃபீஸும் திரும்ப வரும். குடும்பத்துக்குள்ள பாகப்பிரிவினைப் பத்திரத்துக்கு, 2023 ஜூலையில் ஏத்தினதுக்கு அப்புறமும், ஒரு பங்குக்கு ஸ்டாம்ப் டியூட்டி அதிகபட்சம் 40,000, பதிவுக் கட்டணம் அதிகபட்சம் 10,000. நாலு பங்குக்கும் சேர்த்து 2 லட்சத்தைத் தாண்டாது. வருஷத்துக்கு 9.36 லட்சம் நஷ்டத்தோட இதை ஒப்பிட்டுப் பாருங்க. ஆறு கடையை நாலு பேர் பிரிக்க முடியலைன்னா, வித்துப் பணமா பிரிக்க 1893 பாகப்பிரிவினைச் சட்டத்திலேயே வழி இருக்கு. "தாத்தா கட்டினது, விக்கக்கூடாது"ன்னு சொல்வாங்க. தாத்தா கட்டினது நாலு பிள்ளைங்களும் நல்லா இருக்கணும்னு. கேஸ் கட்டுக்கு வாடகை கொடுக்கிறதுக்கு இல்ல.

கோர்ட்டுகள் கிட்டயும் எனக்கு ஒரு கோரிக்கை உண்டு. ரிசீவரை நியமிக்கிற உத்தரவிலேயே மூணு வரி சேர்த்தா போதும்: வாடகை வருஷாவருஷம் இவ்வளவு ஏறணும், மிச்சப் பணம் எஃப்.டி.யில் இருக்கணும், ஆறு மாசத்துக்கு ஒரு தடவை கணக்கு எல்லாத் தரப்புக்கும் போகணும். இதுக்குப் புதுச் சட்டம் எதுவும் தேவையில்ல. ஒவ்வொண்ணுக்கும் தனித்தனியா மனு போட்டு, எதிர் மனு வந்து, வாய்தா வாங்கியே ஒரு தலைமுறை போயிடுது.

"ஆனா ரிசீவர் இருக்கிறதால கட்டிடமாவது பத்திரமா இருக்கு இல்லையா?"ன்னு நீங்க கேட்கலாம். இருக்கு. யாரும் வித்துட்டுப் போகலை, பெரியப்பா ஒருத்தரே எல்லாத்தையும் எடுத்துக்கலை, 38 லட்சம் பேங்க்கில் இருக்கு. அத்தை கேஸ் போடலைன்னா அந்த 38 லட்சமே இருந்திருக்காது. அதை அந்தப் பையனும் கடைசியில் ஒத்துக்கிட்டார். ரிசீவர் பூட்டு மாதிரி. திருடு போகாமல் காப்பாத்தும், ஆனா உள்ளே இருக்கிறதை வளர்க்காது. வளர்க்க வேண்டியது நம்ம வேலை.

போன ஞாயித்துக்கிழமை அவர் போன் பண்ணார். பத்து வருஷத்துக்கு அப்புறம் அத்தை வீட்டுக்கு அப்பாவைக் கூட்டிட்டுப் போயிருக்கார். முதல் அரை மணி நேரம் யாரும் பேசலையாம். அப்புறம் இவர் லேப்டாப்பைத் திறந்து, நான் போட்டுக் கொடுத்த ஷீட்டைக் காட்டியிருக்கார். ஆறு கடை, 9,000, 22,000, 31 மாசம், 38 லட்சம். அத்தை ரொம்ப நேரம் பார்த்துட்டு ஒரே ஒரு கேள்வி கேட்டாங்களாம்:

"இதைத்தானேப்பா நான் 2015-ல் உங்க பெரியப்பாகிட்ட கேட்டேன்?"

எஃப்.டி. மனுவும் பாக்கி மனுவும் ரெண்டு குடும்பமும் சேர்ந்து போடறாங்க. பெரியப்பா இன்னும் வரலை. ஈ.எம்.ஐ. அதே 41,000தான், அதுக்கு நாங்க வேற வழி பார்த்துட்டு இருக்கோம். அது அடுத்த வீடியோவில்.

உங்க வீட்டில் இப்படி ஒரு கட்டிடம் இருந்தா, இந்த வாரம் ஒரு வேலை மட்டும் செய்ங்க. அப்பாகிட்டயோ அம்மாகிட்டயோ கேஸ் நம்பரைக் கேட்டு, கடைசியா ரிசீவர் கணக்கு எப்போ தாக்கல் ஆச்சுன்னு பாருங்க. தேதி மூணு வருஷத்துக்கு முன்னாடின்னா, உடனே வக்கீலுக்கு போன் போடுங்க.